ஸ்பிளைன் கணக்கு: கேளுங்க, சொல்றேன்

கப்பலூர் பட்டறை: அண்ணே, 40 ஹெச்பி டிராக்டர், 540 ஆர்பிஎம் பிடிஓ (டிராக்டர்ல இருந்து கருவிக்குச் சக்தி எடுக்கற தண்டு), ரோட்டவேட்டர் ஷாஃப்ட். கால்குலேட்டர் 'சேஃப்'ங்குது, ஸ்பிளைன் பல்லு, அதான் ஷாஃப்டுல நீளவாக்குல வெட்டின முறுக்கு கடத்துற பல்லு, தேஞ்சுக்கிட்டே போகுது. ஏன்?

பதில்: பேப்பர எடுங்க தம்பி. 40 ஹெச்பின்னா 29.4 கிலோவாட். 9550-ஆல பெருக்கி 540-ஆல வகுத்தா 520 நியூட்டன் மீட்டர் முறுக்கு. ஆறு பல்லு, வெளி விட்டம் 35, உள் விட்டம் 30, ஹப் (ஷாஃப்டு மேல மாட்டுற உள்பல் பாகம்) பிடிப்பு 60 மிமீன்னு முழுசா வச்சுக்குவோம். ஆறும் சமமா சுமந்தா பல் பக்கத்துல அழுத்தம் சுமார் 36 எம்பிஏ, அதாவது சதுர மிமீக்கு 36 நியூட்டன். முக்கால்வாசிதான் சுமக்கும்னா 47. ரோட்டவேட்டர் கல்லுல மோதுமே, அதுக்கு ரெண்டு மடங்கு போட்டா 95. ஷாஃப்ட் ஒண்ணுதான், விடை மூணு! உங்க கால்குலேட்டர்ல ஷாக் ஃபேக்டர் (மோதலுக்குப் போடற அந்த மடங்கு) கட்டம் 1-லயே நிக்குதான்னு முதல்ல பாருங்க.

இன்னொண்ணு, முறியாதுங்கறது வேற, தேயாதுங்கறது வேற. ஷாஃப்டைக் கழட்டினா பல் இடுக்குல செங்கல் நிறத்துல தூள் இருக்கா? அப்ப கிரீஸ் வத்திருச்சு. அந்த வியாதிய எந்தக் கால்குலேட்டரும் பார்க்காது.

கே.புதூர்: டிஐஎன் 5480 (ஜெர்மன் தரம்) ஷாஃப்டுக்கு ஏஎன்எஸ்ஐ பி92.1 (அமெரிக்கத் தரம்) ஹப் போடலாமா?

பதில்: கூடாது. டிஐஎன்ல பல் அளவு மாட்யூல், மில்லிமீட்டர் கணக்கு; ஏஎன்எஸ்ஐல டயமெட்ரல் பிட்ச், ஒரு அங்குல விட்டத்துக்கு எத்தனை பல்லுங்கற கணக்கு. ரெண்டுலயும் பல்லோட அழுத்தக் கோணம் 30 டிகிரி இருக்கேன்னு ஏமாறாதீங்க.

மாணவர்: சார், ஹப்பை நீட்டினா தாங்குமா?

பதில்: ஓரளவுக்குத்தான். முறுக்கு உள்ள வர்ற முனைதான் அதிகம் சுமக்கும். மேல போட்ட 60 மிமீயும் முழுசா வேலை செய்யும்னு நம்பாதீங்க.

திருமங்கலம்: ஃப்ரீ சாஃப்ட்வேர் லிங்க் குடுங்க.

பதில்: இதையே எத்தனை பேருப்பா கேப்பீங்க! எக்செல்ல ஒரு வரி போதும். ஷாக் ஃபேக்டரை மட்டும் 1-ல விட்டுராதீங்க.

மேலூர் லேத் மாஸ்டர்: நான் வெட்டுற பல்லு ஆறும் ஒட்டும். அதென்ன முக்கால்வாசி? பயந்தாங்கொள்ளிக் கணக்கு.

மாணவர்: எங்க சார் பாதிப் பல்லுன்னே எடுக்கச் சொன்னாரு.

பதில்: இன்வல்யூட்டுக்கு, அதாவது பக்கம் வளைஞ்ச பல்லுக்கு, பாதின்னு எடுக்கறதும் வழக்கம்தான். மாஸ்டர், உங்க கைத்திறமைய நான் குறை சொல்லல. இண்டெக்ஸிங்ல, அதாவது பல்லைச் சம இடைவெளியில பிரிக்கறதுல, துளி பிசகினாலும் முந்தி ஒட்டுற பல்லு சுமையை வாங்கிரும். ஷாஃப்டுல ப்ளூ (எங்க ஒட்டுதுன்னு காட்டுற நீல மை) தடவி, ஹப்பை மாட்டி, ஒரு பக்கமா முறுக்கிக் கழட்டிப் பாருங்க.

மாஸ்டர்: பார்த்தாச்சு. நாலுல நல்லா பட்டிருக்கு. அஞ்சாவதுல லேசா.

பதில்: சுமை ஏறினா அஞ்சாவதும் வந்து சேரும். ஆனா கணக்குல நாலுதான். 53 எம்பிஏ, ஷாக்கையும் சேர்த்தா 107.

திருமங்கலம்: அந்த எக்செல் லிங்க்?