இங்கிலாந்துக் குற்றவியல் சட்டம்: எதை வாங்குவது, எதை நூலகத்தில் பார்ப்பது?

கேள்வி: மதுரையில் சட்டம் படித்து, கிரிமினல் வழக்குகள் நடத்தும் சீனியர் ஒருவரிடம் மூன்று ஆண்டுகள் ஜூனியராக இருந்தேன். திருமணத்துக்குப் பிறகு லண்டன் குராய்டனில் வசிக்கிறேன். சாலிசிட்டர் ஆவதற்கான எஸ்.க்யூ.இ. தேர்வை எழுதி, இங்கும் குற்றவியல் துறையிலேயே பணியாற்ற விரும்புகிறேன். கணவரின் நண்பர் ‘ஆர்ச்போல்ட்’ என்ற குற்றவியல் சட்ட நூலின் 2016ஆம் ஆண்டுப் பதிப்பைப் பரிசாகத் தந்திருக்கிறார். பிரிட்டிஷ் குற்றவியல் சட்டம், நடைமுறை, தண்டனை விதிப்பு ஆகிய மூன்றையும் இந்த ஒரு நூலைக் கொண்டே படித்துவிட முடியுமா? புதிதாக வாங்க வேண்டுமென்றால் எவற்றை வாங்குவது? அதிகம் செலவழிக்க இயலாது.
– ஒரு வாசகி, குராய்டன்

பதில்: அன்புச் சகோதரிக்கு, அந்த ஒரு நூலைக் கொண்டு முடியாது. ஆர்ச்போல்ட் 1822இல் முதன்முதலாக வெளிவந்து, இன்று ஆண்டுதோறும் புதுப்பிக்கப்படும் பெருநூல். கடுமையான குற்றங்களை விசாரிக்கும் கிரவுன் நீதிமன்றத்தில் வாதாடுபவர்கள் தலைமுறை தலைமுறையாக நம்பி எடுத்துப் பார்ப்பது. ஆனால் அது, சட்டம் தெரிந்த ஒருவர் வழக்கின் நடுவே எழும் ஐயத்தைத் தீர்த்துக்கொள்ளத் திறக்கும் நூல். முதல் பக்கத்திலிருந்து படித்துக் கற்பதற்கானது அன்று. அதைவிட முக்கியமான தடை அதன் வயது. உங்கள் கையில் இருக்கும் பதிப்பு 2015ஆம் ஆண்டின் சட்டத்தைச் சொல்வது. 2016 பிப்ரவரியில் ஜோகி வழக்கில், உடன் வந்தவன் கொலை செய்யக்கூடும் என்று முன்கூட்டி உணர்ந்திருந்தாலே மற்றவனும் கொலைக் குற்றவாளி என்று முப்பது ஆண்டுகளாக நிலவிய விதியை உச்ச நீதிமன்றம் தவறானது என்று அறிவித்தது. 2017இல் ஐவி வழக்கு, நேர்மையின்மையை அளக்க 1982 முதல் பயன்பட்டுவந்த கோஷ் சோதனையை ஒதுக்கியது. 2020 டிசம்பர் 1 அன்று, தண்டனை பற்றிய சட்டங்களை ஒன்றாகத் திரட்டிய தண்டனை விதிப்புத் தொகுப்பு நடைமுறைக்கு வந்து, அந்தப் பகுதியின் பிரிவு எண்களையே மாற்றிவிட்டது. அந்நூலின் எந்தப் பக்கம் இன்றும் செல்லும், எது செல்லாது என்று பிரித்தறிய ஏற்கெனவே சட்டம் தெரிந்திருக்க வேண்டும். எனவே இப்போதைக்கு அதை மூடி வையுங்கள்.

நூல் வாங்கும் முன் இன்னொன்றும் தெளிவாக வேண்டும். ‘பிரிட்டிஷ் குற்றவியல் சட்டம்’ என்று ஒன்று இல்லை. இங்கிலாந்தும் வேல்ஸும் சேர்ந்து ஒரு சட்ட எல்லை. ஸ்காட்லாந்தும் வட அயர்லாந்தும் தனித்தனி எல்லைகள். குராய்டன் நீதிமன்றத்தில் பன்னிரண்டு ஜூரர்கள் (குற்றவாளியா என்று முடிவு சொல்லும் பொதுமக்கள்) அமர்ந்தால், எடின்பரோவில் பதினைந்து பேர் அமர்கிறார்கள். பழைய புத்தகக் கடையில் மலிவாகக் கிடைக்கிறதென்று ஸ்காட்லாந்துச் சட்ட நூலை வாங்கிவிடாதீர்கள்.

மதுரையில் படித்தவருக்கு இங்கு முதலில் ஏற்படும் தடுமாற்றம், கையில் பிடித்துக்கொள்ள ஒரு தண்டனைச் சட்டத் தொகுப்பு இல்லாததுதான். மெக்காலேயின் ஆணையம் 1837இல் வரைவு தந்து, 1860இல் இந்தியாவுக்குத் தொகுப்புச் சட்டம் இயற்றப்பட்டது. அதைத் தந்த நாடோ தனக்கென்று ஒன்றை இன்றுவரை இயற்றிக்கொள்ளவில்லை. சட்ட ஆணையம் 1989இல் வெளியிட்ட வரைவுத் தொகுப்பும் நாடாளுமன்றத்தின் வழியாகச் சட்டமாகவில்லை. கொலை என்றால் என்ன என்று சொல்லும் சட்டப்பிரிவு இங்கே கிடையாது. அது நீதிபதிகளின் தீர்ப்புகளில் வளர்ந்த பொதுச்சட்டம். உடல் காயங்களுக்கு 1861ஆம் ஆண்டுச் சட்டம், திருட்டுக்கு 1968ஆம் ஆண்டுச் சட்டம், மோசடிக்கு 2006ஆம் ஆண்டுச் சட்டம் என்று சிதறிக் கிடப்பவற்றை ஓர் ஒழுங்கில் கோத்துத் தருவது பாடநூல்தான். அதனால் இங்கே நல்ல பாடநூலுக்கு, நம் ஊரில் இல்லாத எடை உண்டு.

வாங்க வேண்டிய அந்த ஒன்றாக, ஸ்மித்தும் ஹோகனும் 1965இல் எழுதத் தொடங்கி, பின்னர் டேவிட் ஆர்மராடும் கார்ல் லெயர்டும் புதுப்பித்துவரும் ‘கிரிமினல் லா’வைச் சொல்வேன். தேர்வுக்கு மட்டும் என்றால் அது மிகப் பெரியது. ஆனால் நீங்கள் இத்துறையிலேயே நிற்கப் போகிறவர், அடுத்த பத்தாண்டுகளுக்கும் அது பயன்படும். தீர்ப்புகளிலிருந்து எடுத்த பகுதிகளோடு விளக்கமும் வேண்டுமென்றால் ஜோனதன் ஹெரிங் தொகுத்த நூல் இன்னும் எளிமையாக வழிநடத்தும். கோட்பாடுகள் மெதுவாகத்தான் மாறுகின்றன என்பதால், முந்தைய பதிப்பைப் பழைய புத்தக விலைக்கு வாங்கலாம். 2020க்குப் பின் வெளிவந்ததாக மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.

அதைப் படிக்கும்போது, தெரிந்த சொல் வரும் இடத்தில்தான் அதிகக் கவனம் வேண்டும். திருட்டையே எடுத்துக்கொள்வோம். 2024 வரை இருந்த இந்திய தண்டனைச் சட்டத்தின் 378ஆம் பிரிவில் அசையும் பொருளை ஒருவரது கைவசத்திலிருந்து சம்மதமின்றி நகர்த்துவது திருட்டு. சிறிது காலத்துக்கு எடுத்தாலும் போதும். அனுமதியின்றி விமானத்தை எடுத்துப் பறந்த பயிற்சி மாணவர் திருட்டுக் குற்றவாளியே என்று 1957இல் மெஹ்ரா வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் சொன்னதைப் படித்திருப்பீர்கள். இங்கிலாந்தின் 1968ஆம் ஆண்டுச் சட்டமோ, உரியவருக்கு அப்பொருள் நிரந்தரமாக இல்லாமற்போக வேண்டும் என்ற எண்ணத்தைக் கேட்கிறது. அதனால்தான் ஊர்தியை அனுமதியின்றி எடுத்து ஓட்டுவதற்கு அதே சட்டத்தின் 12ஆம் பிரிவில் தனிக் குற்றம் வகுக்க வேண்டியிருந்தது. சம்மதத்திலும் வேறுபாடு உண்டு: உரியவர் சம்மதித்துக் கொடுத்த பொருளையும் திருட முடியும் என்று கோமஸ் வழக்கு 1992இல் சொன்னது. ‘நேர்மையின்மை’யை நம் 24ஆம் பிரிவு முறையற்ற ஆதாயம், முறையற்ற இழப்பு என்று வரையறுத்தது, இங்கே முழு வரையறை கிடையாது. மேலே சொன்ன ஐவி தீர்ப்பின்படி, குற்றஞ்சாட்டப்பட்டவர் உண்மையில் எதை அறிந்திருந்தார், எதை நம்பினார் என்று முதலில் கண்டு, அதன்பின் சாதாரண நேர்மையுள்ள மக்களின் அளவுகோலால் அவரது செயலை ஜூரி அளக்க வேண்டும். ஒவ்வொரு குற்றத்துக்கும் இப்படி இரண்டு பத்திகளாக எழுதி, பழைய அறிவை எதிரே வைத்துப் படித்தால், உங்கள் மூன்று ஆண்டு அனுபவம் இடையூறாகாமல் துணையாகும்.

நடைமுறையில் நீங்கள் மறக்க வேண்டியது இன்னும் பெரிது. போலீஸ் அதிகாரியிடம் செய்த ஒப்புதல் வாக்குமூலம் செல்லாது என்பது, பழைய இந்தியச் சாட்சியச் சட்டத்தின் 25ஆம் பிரிவு வழியாக நம் ரத்தத்தில் ஊறிய விதி. இங்கே அது செல்லும். வற்புறுத்திப் பெறப்பட்டது, நம்பகத்தன்மையைக் கெடுக்கும் சூழலில் பெறப்பட்டது என்ற காரணங்களுக்காக 1984ஆம் ஆண்டு போலீஸ், குற்றச் சாட்சியச் சட்டத்தின் 76ஆம் பிரிவு அதை விலக்கும். நியாயமற்ற சாட்சியத்தை விலக்க நீதிபதிக்கு 78ஆம் பிரிவு அதிகாரம் தருகிறது. விசாரணையின்போது மௌனமாக இருந்துவிட்டுப் பின்னர் நீதிமன்றத்தில் புதிய விளக்கம் சொன்னால், அந்த மௌனத்திலிருந்து பாதகமான முடிவுக்கு வரவும் 1994ஆம் ஆண்டுச் சட்டம் வழிவிடுகிறது. ஆகவே ‘பேசாமல் இருங்கள்’ என்று சொல்வது இங்கே எப்போதும் பாதுகாப்பான ஆலோசனை அன்று; வழக்கறிஞரின் உண்மையான வேலை காவல் நிலையத்திலேயே தொடங்கிவிடுகிறது. 1984ஆம் ஆண்டுச் சட்டத்தையும் அதன் கீழ் உள்ள நடத்தை விதிகளில் காவலில் உள்ளோர் பற்றிய ‘சி’ பகுதியையும் மூலத்திலேயே படியுங்கள். அரசின் இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. வழக்கின் தொடக்கத்திலிருந்து மேல்முறையீடு வரை தொடர்ச்சியாக விளக்கும் நூல் வேண்டுமென்றால், ஜான் ஸ்ப்ராக்கின் குற்ற நடைமுறை நூல் கற்பவரின் இடத்திலிருந்து எழுதப்பட்டது. 1991 முதல் ஆண்டுதோறும் வரும் ‘பிளாக்ஸ்டோன்ஸ் கிரிமினல் பிராக்டிஸ்’ பல நூறு பவுண்டு விலையுள்ளது. சட்டம், நடைமுறை, சாட்சியம், தண்டனை அனைத்தும் அதில் உண்டு, ஆர்ச்போல்டைவிட வாசிக்கவும் எளிது, ஆனால் வாங்காதீர்கள். செயின்ட் பாங்க்ராஸில் உள்ள பிரிட்டிஷ் நூலகத்தில் வாசகர் அட்டை இலவசம்; அங்கே தேவையான பக்கங்களைப் பார்த்துக் குறிப்பெடுத்துக்கொள்ளலாம்.

தண்டனை விதிப்பைக் கடைசி அத்தியாயமாக ஒதுக்கிவிடாதீர்கள் என்று உங்களை வற்புறுத்தவே விரும்புகிறேன். பாடநூல்கள் கொலைக்கு நூறு பக்கம் ஒதுக்குகின்றன; ஆனால் பத்தில் ஒன்பதுக்கும் மேற்பட்ட வழக்குகள் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்திலேயே முடிந்துவிடுகின்றன, பெரும்பாலோர் குற்றத்தை ஒப்புக்கொள்கிறார்கள். அந்தக் கட்சிக்காரருக்கு வழக்கு என்பதே என்ன தண்டனை என்பதுதான். ஒப்புக்கொள்ளும் முடிவையே தண்டனைக் கணக்கு தீர்மானிக்கிறது: முதல் கட்டத்திலேயே ஒப்புக்கொண்டால் மூன்றில் ஒரு பங்கு வரை குறையும், விசாரணை தொடங்கும் நாளில் ஒப்புக்கொண்டால் பத்தில் ஒரு பங்குதான். நம் ஊரில் பழைய குற்ற நடைமுறைச் சட்டத்தின் 235(2)ஆம் பிரிவின் கீழ் கருணை கேட்டு நான்கு வார்த்தை சொல்லிப் பழகிய நமக்கு, குற்றப்பொறுப்பையும் விளைந்த தீங்கையும் தனித்தனியே தரம்பிரித்து, தொடக்கப் புள்ளியிலிருந்து படிப்படியாக ஏறி இறங்கும் இந்த முறை புதியது. 2010இல் செயல்படத் தொடங்கிய தண்டனை விதிப்பு மன்றத்தின் வழிகாட்டுதல்களைப் பின்பற்றாமலிருப்பது நீதிக்கு உகந்ததாக இருந்தாலன்றி, நீதிமன்றம் அவற்றைப் பின்பற்றியே ஆக வேண்டும்.

இந்தப் பகுதியில் அச்சு நூலை நம்புவது ஆபத்தானது. ஒரு குற்றத்துக்கு மாஜிஸ்திரேட் விதிக்கக்கூடிய அதிகபட்சச் சிறைவாசம் 2022 மே மாதம் ஆறு மாதத்திலிருந்து பன்னிரண்டாக உயர்ந்தது. 2023 மார்ச்சில் மீண்டும் ஆறானது. 2024 நவம்பரில் மறுபடி பன்னிரண்டானது. தண்டனை விதிப்புத் தொகுப்பு வருவதற்கு முன் நிலைமை இன்னும் மோசம்: 2012இல் மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் 262 வழக்குகளை ஆராய்ந்தபோது 95இல் விதிக்கப்பட்ட தண்டனையே சட்டத்துக்குப் புறம்பாக இருந்தது. நீதிபதிகளே தவறிய இடத்தில், பழைய புத்தகத்தை வைத்து ஒரு மாணவி எப்படித் தப்ப முடியும்? எனவே சட்டத்தை அரசின் இணையதளத்திலும், வழிகாட்டுதல்களை மன்றத்தின் இணையதளத்திலும் மட்டுமே படியுங்கள். ஜூரிக்கு நீதிபதி தரும் அறிவுரைகளும் தண்டனை ஆணைகளும் விளக்கப்பட்டுள்ள கிரவுன் நீதிமன்றக் கையேடும் இலவசமே. ஏன் தண்டிக்கிறோம் என்ற அடிப்படையைப் புரிந்துகொள்ள மட்டும் ஆன்ட்ரூ ஆஷ்வொர்த்தின் ‘சென்டென்சிங் அண்ட் கிரிமினல் ஜஸ்டிஸ்’ நூலை இரவல் பெறுங்கள்; அது ஒருமுறை நிதானமாகப் படிக்கத் தகுந்தது.

எஸ்.க்யூ.இ. முதல் கட்டம், ஒவ்வொன்றிலும் 180 கேள்விகள் கொண்ட இரண்டு தாள்கள். குற்றவியல் இரண்டாம் தாளில் வருகிறது. புத்தகத்தைத் திறந்து பார்க்க முடியாத தேர்வு என்பதால், படித்ததைப் பயன்படுத்திப் பார்க்கும் பழக்கம் வேண்டும். உங்கள் ஊரிலேயே மாஜிஸ்திரேட் நீதிமன்றமும் கிரவுன் நீதிமன்றமும் இருக்கின்றன. பார்வையாளர் பகுதியில் யாரும் அமரலாம். கடைத் திருட்டு வழிகாட்டுதலை அச்செடுத்துக்கொண்டு ஒரு காலை மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் உட்காருங்கள். வழக்கின் விவரம் வாசிக்கப்பட்டதும், தீர்ப்புக்கு முன்பே உங்கள் கணக்கை எழுதி வையுங்கள். பிறகு நீதிமன்றம் சொல்லும் காரணங்களோடு ஒப்பிட்டு, எந்தப் படியில் விலகினீர்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். குறிப்பேடும் பேனாவும் போதும். கைப்பேசியை அணைத்துப் பையில் வையுங்கள், ஏனெனில் நீதிமன்றத்தில் படமெடுப்பது 1925ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம்.