குட்பிரான்ஸ்டாலனில் பண்ணை வீடுகள் ஏன் ஆற்றோரம் இல்லாமல் சரிவில் இருக்கின்றன?

குட்பிரான்ஸ்டாலன் என்பது நார்வேயின் உட்பகுதியில் லோகன் ஆறு 200 கி.மீ.க்கு மேல் ஓடி மியோசா ஏரியில் சேரும் பள்ளத்தாக்கு. 'டால்' என்றாலே பள்ளத்தாக்குதான்.

அடிவாரம் தட்டையாகத்தான் இருக்கிறது. ஆனால் பனி உருகினால் வெள்ளம். 1789 ஜூலையில் வந்த 'ஸ்டோரோஃப்சன்' வெள்ளத்துக்குப் பிறகு சில குடும்பங்கள் வடக்கே மோல்செல்வ் பக்கம் குடிபெயர்ந்தே போயின.

அப்புறம் குளிர். ஃபிரிட்ஜைத் திறந்தால் முதலில் பாதம்தான் சில்லிடும், இல்லையா? குளிர்காற்று கனமானது. இரவில் சரிந்து அடிவாரத்தில் தேங்கி பார்லிப் பயிரைக் கருக்கிவிடும். அதனால் வெயில் விழும் பக்கத்துச் சரிவுக்குத்தான் கிராக்கி. அதை 'சூரியப் பக்கம்' என்றே சொல்கிறார்கள்.

அதற்கும் மேலே, மலைமேல் தெரியும் மரக்குடில்களைப் பண்ணை வீடுகள் என்று நினைத்துவிடாதீர்கள். அவை 'சேட்டர்', கோடையில் மட்டும் மாடுகளை ஓட்டிப்போய்த் தங்கும் இடம்.