எஃப் 16 வைத்தும் ஏன் வரவில்லை? - கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஒளிப்பதிவாளர் கிரெக் டோலண்டைப் பற்றி நீங்கள் ஒரு வரி எழுதியிருந்தீர்கள். அதைப் படித்த பிறகுதான் ‘சிட்டிசன் கேன்’ (1941) பார்த்தேன். கேமராவுக்குப் பக்கத்தில் இருப்பவரும் அறையின் கோடியில் நிற்பவரும் ஒரே கூர்மையில் தெரிகிறார்கள். “24 எம்எம் லென்ஸ், எஃப் 16, அவ்வளவுதான் ரகசியம்” என்று வகுப்பில் சொன்னார்கள். இரண்டு எல்இடி பேனல் வைத்து நாங்களும் முயன்றோம். படம் முழுக்கப் புள்ளி புள்ளியாக வந்தது. ஸ்டுடியோக் காலத்தில் இதை எப்படிச் செய்தார்கள்? டோலண்டுக்கு ஆர்சன் வெல்ஸ் என்ற இயக்குநர் கிடைத்தது வெறும் அதிர்ஷ்டம்தானா?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

முதலில் உங்கள் புள்ளிகள். எஃப் எண் என்பது லென்ஸ் துளையின் அளவு, எண் ஏற ஏறத் துளை சுருங்கும். ஒரு ஸ்டாப் மூடினால் வெளிச்சம் பாதியாகும். ஐஎஸ்ஓ என்பது ஒளியை உணரும் திறன். எஃப் 2.8இல் ஐஎஸ்ஓ 800 போதுமாக இருந்த அறையில் துளையை 16க்கு மூடினால் ஐந்து ஸ்டாப் போய்விடும். உள்ளே வரும் வெளிச்சம் 32இல் ஒரு பங்கு. அதை ஈடுகட்ட ஐஎஸ்ஓ 25,600க்கு ஏற வேண்டும். அந்த உயரத்தில் உங்கள் கேமரா இருமியதில் வியப்பில்லை. வகுப்பில் சொன்னது பொய்யல்ல, பாதிக் கணக்கு. வெளிச்சத்தை யார் கொடுப்பது என்கிற மறுபாதியை விட்டுவிட்டார்கள்.

அன்றைய ஹாலிவுட்டில் உள்ளரங்கக் காட்சிகளைப் பெரும்பாலும் எஃப் 2.3 முதல் 3.5 வரை திறந்து வைத்துத்தான் எடுத்தார்கள். 50 எம்எம் லென்ஸை 2.3இல் வைத்து 3 மீட்டரில் ஃபோகஸ் செய்தால், கூர்மையாகக் கிடைப்பது 2.8 மீட்டரிலிருந்து 3.2 மீட்டர் வரை. ஒரு முழ ஆழத்துக்குச் சற்றுக் குறைவு. லென்ஸை மட்டும் அகன்ற 24ஆக மாற்றிப் பாருங்கள்: 2.3 முதல் 4.3 மீட்டர் வரை. அதே 24ஐ எஃப் 8க்கு மூடி 2.9 மீட்டரில் ஃபோகஸ் வையுங்கள். 1.45 மீட்டரில் தொடங்கி அடிவானம் வரை கூர்மை. லென்ஸும் துளையும் சேர்ந்தால்தான் பலன். டோலண்ட் ‘கேன்’ படத்தில் புழங்கியது எஃப் 8 முதல் 16 வரை என்று அவரே எழுதியிருக்கிறார்.

2.3இலிருந்து 8க்குப் போக 12 மடங்கு வெளிச்சம் வேண்டும். அது ஒரே இடத்திலிருந்து வரவில்லை. ஈஸ்ட்மன் கோடக் 1938இல் கொண்டுவந்த சூப்பர் டபுள் எக்ஸ் ஃபிலிம், அதே ஆண்டு வந்த பிளஸ் எக்ஸைவிட ஏறக்குறைய இரு மடங்கு வேகமானது, அதாவது பாதி வெளிச்சமே அதற்குப் போதும். வேகம் என்றதும் பெரிதாக நினைக்க வேண்டாம். இன்றைய கணக்கில் ஐஎஸ்ஓ 100ஐ ஒட்டித்தான் வரும். ஐஎஸ்ஓ 100க்கு எஃப் 2.8இல் சுமார் 100 ஃபுட் கேண்டில் (வெளிச்சத்தை அளக்கும் அலகு) தேவை. எஃப் 8 என்றால் 800. எஃப் 11 என்றால் 1600. நல்ல வெளிச்சமுள்ள அலுவலக மேசையில் 50 இருந்தாலே அதிகம்.

அவ்வளவுக்கு அவர் போனது, இரு கரிக்கம்பிகளுக்கு நடுவே மின்பொறி எரியும் ஆர்க் விளக்குகளிடம். பேசும் படம் வந்தபோது ஆர்க் விளக்கின் இரைச்சல் மைக்கில் விழுந்ததால் ஸ்டுடியோக்கள் அதை ஓரங்கட்டிவிட்டு டங்ஸ்டன் பல்புகளுக்கு மாறியிருந்தன. பிறகு டெக்னிகலர் படங்களுக்கு வெளிச்சம் ஏராளமாகத் தேவைப்பட்டதால் இரைச்சல் குறைந்த புதுவகை ஆர்க் விளக்குகள் வந்தன. வண்ணப் படத்துக்காகச் செய்த அந்த இரட்டை ஆர்க் விளக்கைக் கறுப்பு வெள்ளைப் படத்துக்கு இழுத்துவந்தார் டோலண்ட்.

அடுத்தது லென்ஸ் பூச்சு. இதை மாணவர்கள் எளிதாகத் தாண்டிவிடுகிறார்கள். பூச்சில்லாத கண்ணாடியின் ஒவ்வொரு பரப்பிலும் நூற்றில் ஐந்து பங்கு ஒளி திரும்பிவிடும். எட்டுப் பரப்புள்ள லென்ஸில் கடைசியில் ஃபிலிமைச் சேர்வது 66 பங்கு. பூச்சிட்டு இழப்பை ஒன்றரைப் பங்காகக் குறைத்தால் 88 வரை கிடைக்கும். இந்த லாபத்தைவிட முக்கியம், திரும்பிய ஒளி லென்ஸுக்குள்ளேயே அலைந்து நிழல்களைச் சாம்பலாக்குவது குறைந்ததுதான். விளக்கை லென்ஸின் முகத்துக்கு நேராக வைத்தும் கறுப்பு கறுப்பாகவே நின்றது அதனால்தான்.

இவ்வளவு செய்தும் எட்டாத இடம் உண்டு. நாயகன் கேனின் மனைவி சூசன் தற்கொலைக்கு முயலும் காட்சியை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். லென்ஸுக்கு மிக அருகே டம்ளரும் கரண்டியும், நடுவே இருளில் கட்டில், பின்னால் கதவை உடைத்துக்கொண்டு வரும் கேன். 24 எம்எம் லென்ஸை எஃப் 16க்கு மூடினாலும், அடிவானம் வரை கூர்மை வேண்டுமென்றால், 70 சென்டிமீட்டருக்கு உள்ளே வரும் பொருள் கலங்கத்தான் செய்யும். எனவே அந்த ஷாட் ஒரே தடவையில் எடுத்ததல்ல. பின்புலத்தை இருட்டாக்கி டம்ளரில் ஃபோகஸ் வைத்து ஒருமுறை ஓட்டினார்கள். ஃபிலிமைப் பின்னோக்கிச் சுற்றி, முன்புறத்தை இருட்டாக்கி, கதவுப் பக்கம் விளக்கேற்றி, ஃபோகஸை மாற்றி, அதே ஃபிலிமில் மறுமுறை ஓட்டினார்கள். மிட்செல் கேமராவில் ஒவ்வொரு ஃபிரேமையும் ஃபிலிமின் ஓரத் துளையில் ஊசி நுழைந்து பிடித்துக்கொள்வதால் இரண்டு ஓட்டமும் ஒன்றன்மேல் ஒன்று அசையாமல் உட்காரும். கெடுவது வேறு இடங்களில். கேமராவின் கால் மயிரிழை நகர்ந்தால் டம்ளர் நடுங்கும். இருட்டாக இருக்க வேண்டிய பக்கத்தில் துளி வெளிச்சம் கசிந்தாலும் ஆவி போல ஒரு படலம் படியும். ஃபோகஸைத் திருப்பும்போது பிம்பத்தின் அளவும் சற்று மாறும் என்பதால் இரண்டும் சேரும் இடத்தை இருளில் ஒளித்து வைக்க வேண்டும். அந்தக் கட்டில் ஏன் அவ்வளவு இருட்டு என்று இப்போது புரிந்திருக்கும். உங்கள் எல்இடி பேனல்களுக்கும் இந்த வழிதான் தோது. முக்காலியை இறுக்கிவிட்டு இரண்டு தடவை எடுத்து எடிட்டிங்கில் சேருங்கள். எஃப் 5.6 போதும்.

மேற்கூரை விஷயமும் உண்டு. கேமரா தாழ்ந்து மேலே பார்க்கும்போது செட்டின் கூரை தெரிந்தாக வேண்டும். கூரை போட்டால் மேலே பரணில் விளக்கு மாட்ட முடியாது, மைக்கையும் தொங்கவிட முடியாது. அவர்கள் கூரையை மஸ்லின் துணியில் இழுத்துக் கட்டினார்கள். துணி ஒலியை விடும், எனவே மைக் அதற்கு மேலே. விளக்கு பெரும்பாலும் தரையிலிருந்து. தேர்தல் தோல்விக்குப் பின் கேனும் அவன் நண்பன் லேலண்டும் பேசும் காட்சிக்குத் தரையையே தோண்டி கேமராவை இறக்கினார்கள். கூரை தெரிய எடுத்ததும் அகன்ற லென்ஸும் டோலண்டோடு தொடங்கியவை அல்ல. ஒளிப்பதிவாளர் ஜேம்ஸ் வாங் ஹவ் 1931இலேயே ‘டிரான்ஸ்அட்லான்டிக்’ படத்தில் அவற்றைத் தொட்டுவிட்டார்.

இனி அதிர்ஷ்டம். 1904இல் பிறந்த டோலண்ட், 15 வயதில் ஃபாக்ஸ் ஸ்டுடியோவில் ஆபீஸ் பையன். அங்கிருந்து கேமரா உதவியாளர். அந்த வேலை என்னவென்று தெரிந்தால் மற்றது விளங்கும். இருட்டறையில் ஃபிலிம் ஏற்றுவது (1000 அடிச் சுருள் 11 நிமிடம் ஓடும்), லென்ஸுக்குப் பின்னால் ஃபிலிம் ஓடும் ‘கேட்’டில் தூசி இருக்கிறதா என்று பார்ப்பது, லென்ஸிலிருந்து நடிகரின் கண் வரை டேப் பிடிப்பது, தரையில் சாக்பீஸ் குறி போடுவது. மிட்செலில் லென்ஸ் வழியே பார்த்து ஃபோகஸ் வைக்க கேமராவின் உடலையே பக்கவாட்டில் நகர்த்த வேண்டும். ஷாட் ஓடும்போது அது திரும்பவும் லென்ஸுக்குப் பின்னால் வந்துவிடுவதால் லென்ஸ் காண்பது எவர் கண்ணுக்கும் தெரியாது. பக்கத்து ஃபைண்டரில் தெரிவது சட்டகம் மட்டும். ஃபோகஸ் பிசகியது மறுநாள் ரஷ் (கழுவி வந்த ஃபிலிமைப் போட்டுப் பார்ப்பது) பார்க்கும்போதுதான் தெரியவரும். ஒளிப்பதிவாளர் ஜார்ஜ் பார்ன்ஸிடம் பல ஆண்டு இந்தப் பயிற்சி. 27 வயதில் தனி ஒளிப்பதிவாளர்.

அதன் பிறகு வாய்த்ததைத்தான் அதிர்ஷ்டம் என்பேன், ஆனால் அதன் பெயர் வெல்ஸ் இல்லை, தயாரிப்பாளர் சாமுவேல் கோல்ட்வின். பெரிய ஸ்டுடியோக்களில் ஒரு படம் முடிந்த கையோடு அடுத்த படத்துக்கு ஆளை மாற்றிவிடுவார்கள். சோதிக்க நாள் கிடைக்காது. கோல்ட்வின் ஆண்டுக்குச் சில படங்களே எடுத்தார். டோலண்டுக்கு நிரந்தரக் குழு இருந்தது, சத்தம் அடக்கிய மிட்செல் பிஎன்சி கேமராக்களில் இரண்டாவது அவர் கைக்கு வந்தது. இயக்குநர் வில்லியம் வைலரோடு ‘டெட் எண்ட்’ (1937), ஆஸ்கர் வாங்கித்தந்த ‘வுதரிங் ஹைட்ஸ்’ (1939) என்று படத்துக்குப் படம் முயன்று பார்த்தார். 1940இல் ‘கேன்’ படத்துக்காக ஆர்கேஓ ஸ்டுடியோவுக்கு இரவல் போனபோது தன் ஆட்களையும் கேமராவையும் கூட்டிக்கொண்டே போனார். அங்கே முதலில் ‘டெஸ்ட்’ என்ற பெயரில் எடுத்த செய்திப்பட அறைக் காட்சி படத்திலேயே இருக்கிறது. வெல்ஸுக்கு அப்போது 25 வயது. தன் பெயர் வரும் அதே டைட்டில் அட்டையில் டோலண்டின் பெயரையும் போட்டார். 1941ஆம் ஆண்டின் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் ஆர்தர் மில்லருக்குப் போனது. டோலண்ட் 1948இல், 44 வயதில், இதய நோயால் இறந்தார்.

‘கேன்’ பார்த்துவிட்டீர்கள், அடுத்து அதே 1941இல் அவர் வைலருக்குச் செய்த ‘தி லிட்டில் ஃபாக்ஸஸ்’ பாருங்கள். கணவன் மருந்துக்காக மாடிப்படியில் தவழ்ந்து ஏறி விழுகிறான், மனைவி முன்னால் அசையாமல் உட்கார்ந்திருக்கிறாள். எல்லாவற்றையும் கூர்மையாக்கத் தெரிந்த மனிதர் அந்தப் படிக்கட்டைக் கலங்கலாக விட்டிருக்கிறார். நாம் கணவனைப் பார்க்கத் தவிக்கிறோம், லென்ஸ் பெட்டி டேவிஸின் முகத்தைவிட்டு நகர மறுக்கிறது.