மகன் பகிடி நடிகனாகப் போகிறானாம்

அன்பின் அம்மா,

சாதாரண தரம் முடித்த மகன், உயர்தரத்தில் நாடகமும் அரங்கியலும் எடுத்துச் சிரிப்பு நடிகனாகப் போகிறேன் என்கிறான். தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்துப் படிக்க வைத்தது இதற்கா என்று கேட்கிறீர்கள். உங்கள் பயம் நியாயமானது. இலங்கையில் தமிழில் நடித்து மட்டுமே குடும்பம் நடத்துகிறவர்கள் மிகச் சிலர். இதை அவனிடமும் சொல்லிவிடுங்கள்.

ஆனாலும் அந்தப் பாடத்தை எடுக்க விடுங்கள். மற்ற இரண்டு பாடங்கள் அவனுக்குப் புள்ளி வரக்கூடியவையாக இருக்கட்டும். மட்டக்களப்பு சுவாமி விபுலானந்தா அழகியற் கற்கைகள் நிறுவகத்திலும் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்திலும் நாடகத்தில் பட்டம் படிக்கலாம். பல்கலைக்கழக அனுமதிக்குப் பார்க்கும் இசட் புள்ளியோடு, நடிப்புத் திறமையைப் பார்க்கும் உளச்சார்புப் பரீட்சையும் இருக்கக்கூடும். அப்படி இருந்தால் அதற்குத் தனியாக விண்ணப்பம் கேட்பார்கள், அந்த அறிவித்தலைத் தவறவிடக் கூடாது. பட்டம் இருந்தால் ஆசிரியர் தொழிலுக்கு முயலலாம், வானொலிப் பக்கமும் போகலாம். நாகேஷ்கூட ரயில்வேயில் எழுதுவினைஞராக இருந்துகொண்டுதான் மேடை ஏறினார். வயிற்றுவலிக்காரனாக வந்து துடித்த ஒரு சின்ன வேடம் அவரைக் கவனிக்க வைத்தது.

குணச்சித்திரச் சிரிப்பு என்பது பெரும்பாலும் காது கொடுத்துக் கேட்கும் வேலை. இலங்கை வானொலிக் கலைஞர் ராம்தாஸ் எழுதிய நாடகம் 1976இல் 'கோமாளிகள்' என்று படமானது. அதில் மரிக்கார், அப்புக்குட்டி, உபாலி என்று ஆளுக்கொரு பேச்சு. வாயைத் திறந்ததுமே ஆள் யாரென்று தெரிந்துவிடும். உங்கள் மகனுக்கு இந்தச் செல்வம் வீட்டு வாசலிலேயே கிடக்கிறது. தோட்டத்து லயன் வீடுகளின் பேச்சு, வேலை வாங்கும் கணக்கப்பிள்ளையின் அதட்டல், ஹட்டன் கடைக்காரரின் தமிழ், பஸ் கொண்டக்டரின் சிங்களம், எல்லாம் கேட்டு வளர்ந்தவன். மாசியில் காமன் கூத்து நடக்கும்போது பெரியவர்கள் பக்கத்திலேயே அவனை நிற்கச் சொல்லுங்கள். தப்பு மேளச் சத்தத்துக்கு நடுவே, விடிய விடிய முழித்திருக்கும் சனத்தை எப்படிப் பிடித்து வைக்கிறார்கள் என்று பார்க்கட்டும்.

எனக்கு உள்ள கவலை வேறு. அவனுக்கு முதலில் கிடைக்கும் வேடம் தோட்டத்து ஆளாக இருக்கக்கூடும். நம்மவர்களை 'தோட்டக்காட்டான்' என்று சொல்லிச் சிரித்த காலம் இன்னும் முழுதாகப் போய்விடவில்லை. வசனத்தைக் கையில் வாங்கியதும், சனம் யாரைப் பார்த்துச் சிரிக்கப் போகிறது என்று அவன் கேட்கப் பழக வேண்டும். காலையில் ஆட்களைக் கூட்டி வேலை பிரிக்கும் பிரட்டுக்களத்தில் மிரட்டுகிறவரைப் பார்த்துச் சிரிக்க வைத்தால் தாராளமாக நடிக்கட்டும். கூடை சுமந்த முதுகைப் பார்த்துச் சிரிக்க வைக்கும் வேடம் என்றால், எத்தனை ஆயிரம் தந்தாலும் வேண்டாம். இதை அவனுக்கு நீங்கள் சொன்னால்தான் ஏறும்.

சென்னைக்கு அனுப்பு, சான்ஸ் வாங்கித் தருகிறேன் என்று யாராவது காசு கேட்டால் கொடுக்காதீர்கள். நடிக்க வைப்பவர்தான் நடிகருக்குக் காசு தர வேண்டும்.

வரும் ஞாயிற்றுக்கிழமை அவனை உங்கள் முன்னால் நடிக்கச் சொல்லுங்கள். நீங்கள் மலையிலிருந்து வந்து கூடையை இறக்கி, அடுப்பு மூட்டுவதை, வசனமே இல்லாமல். உங்களை எவ்வளவு கவனித்திருக்கிறான் என்று பார்த்துவிட்டு எனக்கு எழுதுங்கள்.