கையெழுத்து, வழக்கம், மௌனம்: சட்டம் பற்றிய கேள்வி-பதில்

சர்வதேசச் சட்டம் பற்றி வாசகர்கள் கேட்டிருந்த கேள்விகள் நிறையவே சேர்ந்துவிட்டன. இந்த இதழில் வேறு எதற்கும் இடமில்லை.

கேள்வி: உள்நாட்டுச் சட்டத்தை மீறினால் போலீஸ் வருகிறது. நாடுகளைப் பிடிக்க யாரும் இல்லை. பிறகு எதற்கு அதைச் ‘சட்டம்’ என்கிறீர்கள்?

பதில்: நான் சட்டக் கல்லூரியில் பாடம் நடத்திய காலத்தில் ஒவ்வோர் ஆண்டும் முதல் வகுப்பிலேயே இந்தக் கேள்வி வந்துவிடும். கேட்பவர் முகத்தில் ஆசிரியரை மடக்கிவிட்ட களிப்பு தெரியும்.

நீங்கள் வெளிநாட்டுக்கு அனுப்பும் கடிதத்தில் உங்கள் நாட்டுத் தபால்தலைதான் ஒட்டியிருக்கிறது. அந்த நாட்டுத் தபால்காரர் அதை ஏன் வீடு தேடிக் கொண்டுபோய்க் கொடுக்கிறார்? 1874-ல் பெர்ன் நகரில் 22 நாடுகள் செய்துகொண்ட உடன்படிக்கையில் தொடங்கிய ஏற்பாடு அது. விமானங்கள் அந்நிய வான்வெளியில் பறப்பதற்கு 1944-ன் சிகாகோ உடன்படிக்கை அடிப்படை. தூதரகப் பையைச் சுங்க அதிகாரி பிரிக்காமல் விடுவது 1961-ன் வியன்னா உடன்படிக்கையால். இவையெல்லாம் ஒழுங்காக நடக்கும் நாட்களில் யாரும் செய்தி போடுவதில்லை. போர் மூளும்போது மட்டும் சர்வதேசச் சட்டத்தை நினைத்துக்கொள்வது, காய்ச்சல் வார்டை எட்டிப் பார்த்துவிட்டு ஊரில் எல்லோருக்கும் காய்ச்சல் என்று சொல்வதைப் போன்றது.

போலீஸ் இல்லை என்பது உண்மைதான். நாடுகளுக்கு மேலே அதிகாரம் படைத்த ஒருவர் இல்லாதபோது, அவை தாமே ஒப்புக்கொண்டதை வைத்துத்தான் சட்டத்தைக் கட்ட முடியும். சம்மதம்தான் இங்கே அஸ்திவாரம். அது எந்தெந்த வழியில் வரும் என்பதில்தான் சுவாரசியமே இருக்கிறது.

கேள்வி: எந்த நாடாளுமன்றமும் இயற்றாத இந்தச் சட்டம் எங்கே எழுதி வைக்கப்பட்டிருக்கிறது?

பதில்: ஒரே புத்தகமாக எங்கும் இல்லை. எங்கே தேட வேண்டும் என்பதை ஹேக் நகரிலுள்ள சர்வதேச நீதிமன்றத்தின் சட்ட விதிகளில் 38-வது பிரிவு சொல்கிறது. உடன்படிக்கைகள், நாடுகளின் வழக்கம், சட்டத்தின் பொதுக் கோட்பாடுகள் ஆகிய மூன்றும் மூலங்கள். தீர்ப்புகளும் அறிஞர்களின் எழுத்தும் துணைக்கு மட்டுமே. உடன்படிக்கை எளிதில் புரியும்: போட்ட கையெழுத்துக்குக் கட்டுப்பட வேண்டும், ‘எங்கள் உள்நாட்டுச் சட்டம் இடம் கொடுக்கவில்லை’ என்று சாக்குச் சொல்ல முடியாது.

வழக்கம்தான் படிக்கப் படிக்க ருசிப்பது. 1898-ல் அமெரிக்காவுக்கும் ஸ்பெயினுக்கும் போர். அப்போது ஸ்பெயினின் ஆட்சியில் இருந்த கியூபாவின் கரையோரம் ‘பாகெட்டே ஹபானா’ என்ற சிறு மீன்பிடிப் படகு, தலைவனையும் சேர்த்து மூன்றே பேருடனும் உயிர் மீன்களுடனும் திரும்பிக்கொண்டிருந்தது. ஆயுதம் கிடையாது. போர் தொடங்கியதே அவர்களுக்குத் தெரியாது. அமெரிக்கக் கடற்படை படகைப் பிடித்துக்கொண்டுபோய் 490 டாலருக்கு ஏலம் விட்டது. வழக்கு அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போயிற்று. கரையோர மீனவர்களைப் போரில் தொடக்கூடாது என்று எந்த உடன்படிக்கையும் அமெரிக்காவைக் கட்டுப்படுத்தவில்லை. நீதிபதிகள் பழைய ஆவணங்களைப் புரட்டினார்கள். 1403-ல் இங்கிலாந்தின் நான்காம் ஹென்றி போட்ட ஆணையில் தொடங்கி, நாடுகள் மீனவர்களை விட்டுவைத்து வந்த வரலாற்றைப் பக்கம் பக்கமாகத் தொகுத்தார்கள். வெறும் பெருந்தன்மையாக ஆரம்பித்தது காலப்போக்கில் சட்டமாகிவிட்டது என்று 1900-ல் தீர்ப்பளித்து, ஏலப் பணத்தையும் நஷ்ட ஈட்டையும் கொடுக்கச் சொன்னார்கள். சொந்த நாட்டுக் கடற்படைக்கு எதிராக, எதிரி நாட்டுக் கொடி பறந்த படகுக்காக!

நாடுகள் ஒரு காரியத்தைத் தொடர்ந்து செய்துவந்தால் மட்டும் போதாது. ‘இப்படிச் செய்யக் கடமைப்பட்டிருக்கிறோம்’ என்ற எண்ணத்தோடு செய்ய வேண்டும். வருகை தரும் அதிபருக்குச் சிவப்புக் கம்பளம் விரிப்பது எங்கும் நடக்கிறது. விரிக்காவிட்டால் யாரும் வழக்குப் போட மாட்டார்கள்.

கேள்வி: எதிலும் கையெழுத்துப் போடாமல், எதுவும் பேசாமல் ஒரு நாடு ஒதுங்கியே இருந்தால் தப்பித்துக்கொள்ளலாமா?

பதில்: கையெழுத்துப் போடாதது ஓரளவு காப்பாற்றும். பேசாமல் இருப்பது கவிழ்த்துவிடும்.

கண்டத்திட்டு (கரையிலிருந்து கடலுக்கடியில் நீளும் நிலப்பரப்பு) உடன்படிக்கையை ஏற்காத மேற்கு ஜெர்மனியை அதன் எல்லை விதி கட்டுப்படுத்தாது என்று 1969-ல் ஹேக் நீதிமன்றம் சொன்னது. வழக்கத்தையும் மறுக்கலாம், ஆனால் அது உருவாகும்போதே எதிர்க்க வேண்டும், விடாமல் எதிர்க்க வேண்டும். இனப்படுகொலை, அடிமைமுறை, சித்திரவதை ஆகியவற்றுக்கு எதிரான விதிகளில் அந்த மறுப்பும் செல்லாது.

மௌனத்தின் விலையைச் சயாம், அதாவது இன்றைய தாய்லாந்து, கொடுத்தது. பிரேயா விகார் கோயில் மலை விளிம்பில் நிற்கிறது. 1904-ல் பிரான்சும் சயாமும் செய்துகொண்ட ஒப்பந்தப்படி, நீர் பிரியும் மேடுதான் எல்லை. பிரெஞ்சு அதிகாரிகள் வரைந்த வரைபடமோ கோயிலை, அப்போது பிரான்சின் ஆட்சியில் இருந்த கம்போடியாவின் பக்கம் காட்டியது. 1908-ல் அந்தப் படங்கள் சயாமுக்கு வந்தபோது உள்துறை அமைச்சராக இருந்த டாம்ரோங் இளவரசர் ஆட்சேபிக்கவில்லை. நன்றி சொல்லி, மாகாண ஆளுநர்களுக்கு அனுப்ப ஒவ்வொன்றிலும் இன்னும் 15 பிரதிகள் வேண்டும் என்று கேட்டார்! 1930-ல் அவரே கோயிலைப் பார்க்கப் போனார். பிரெஞ்சுக் கொடி பறக்க, பிரெஞ்சு அதிகாரி விருந்தோம்புபவர் தோரணையில் வரவேற்றார். இளவரசர் ஊர் திரும்பி அவருக்குப் புகைப்படங்களை அனுப்பிவைத்தார்.

வழக்கு ஹேகுக்கு வந்தபோது, படம் தவறு, உண்மையான நீர்மேடு எங்களுக்கே சாதகம் என்று தாய்லாந்து வாதிட்டது. நீர்மேடு எங்கே இருக்கிறது என்ற ஆராய்ச்சிக்குள் நீதிமன்றம் நுழையவே இல்லை. ஐம்பது ஆண்டுகள் படத்தை ஏற்றுக்கொண்டவர் இப்போது மறுக்க முடியாது என்று 1962-ல் ஒன்பதுக்கு மூன்று என்ற கணக்கில் கோயிலைக் கம்போடியாவுக்குக் கொடுத்தது. அந்த 15 பிரதிகள் தீர்ப்பிலும் இடம்பெற்றிருக்கின்றன. அயல்நாடு எதையாவது செய்தவுடனே வெளியுறவு அமைச்சகங்கள் அவசர அவசரமாக ‘கண்டனம்’ வெளியிடுவதைச் சடங்கு என்று கேலி செய்கிறோம். அந்தக் காகிதம் ஐம்பது ஆண்டு கழித்து ஒரு மலையைக் காப்பாற்றக்கூடும்.

கேள்வி: க்ரோஷியஸ்தான் சர்வதேசச் சட்டத்தின் தந்தையா?

பதில்: பட்டம் கொடுத்தாயிற்று, பறிக்க வேண்டாம். ஆனால் கடல் எல்லோருக்கும் பொது என்று டச்சுச் சட்ட அறிஞர் ஹ்யூகோ க்ரோஷியஸ் 1609-ல் வெளியிட்ட வாதம், டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி போர்ச்சுகீசியக் கப்பல் ஒன்றைக் கைப்பற்றியதை நியாயப்படுத்த எழுதிய நூலின் ஒரு பகுதி. தத்துவம் உயர்ந்தது, கட்சிக்காரர் வியாபாரி.

கேள்வி: வல்லரசுகள் தீர்ப்பைக் குப்பையில் போடும்போது நீதிமன்றம் எதற்கு?

பதில்: கோபம் நியாயமானது. துறைமுகங்களில் கண்ணிவெடி வைத்ததற்காகவும் கலகக்காரர்களுக்கு உதவியதற்காகவும் நிகராகுவா அமெரிக்காவின் மீது வழக்குத் தொடுத்தது. அமெரிக்கா பாதியில் எழுந்துபோயிற்று. 1986-ல் அமெரிக்காவுக்கு எதிராகத் தீர்ப்பு வந்தது. அதை நிறைவேற்றச் சொல்லும் தீர்மானம் பாதுகாப்பு கவுன்சிலுக்குப் போனபோது அமெரிக்காவே வீட்டோ செய்தது. குற்றவாளியே தீர்ப்பை நிறுத்திவைக்கும் இந்த ஏற்பாட்டுக்கு நான் வக்காலத்து வாங்கப்போவதில்லை.

ஆனால் ஆப்பிரிக்காவில் சாட் நாடும் லிபியாவும் ஆண்டுக்கணக்கில் ரத்தம் சிந்திய ஆவுசூ நிலப்பகுதியைப் பாருங்கள். 1994 பிப்ரவரியில் நீதிமன்றம் அது சாட் நாட்டுக்கே சொந்தம் என்றது. மே மாத முடிவுக்குள் லிபியா படையை விலக்கிக்கொண்டது. இரண்டு நாடுகளும் தாமாகவே ஒப்புக்கொண்டு கொண்டுவந்த வழக்கு அது.

கேள்வி: வெளிநாட்டு அரசு ஒன்று என் சொத்தைப் பறித்துக்கொண்டால் நானே ஹேகில் வழக்குப் போடலாமா?

பதில்: முடியாது. அங்கே நாடுகள் மட்டுமே வழக்காடலாம். முதலில் அந்த நாட்டு நீதிமன்றங்களின் படிகளை மேல் வரை ஏறி முடிக்க வேண்டும். அதன்பிறகு உங்கள் அரசு விரும்பினால் உங்களுக்காக வழக்கை எடுத்து நடத்தலாம். விரும்பாவிட்டால் அதைக் கட்டாயப்படுத்தச் சர்வதேசச் சட்டத்தில் வழியில்லை. உள்நாட்டுச் சட்டத்தில் இருக்கிறதா என்று உங்கள் வக்கீலிடம் கேளுங்கள். எதற்கும் பத்திரங்களின் நகலைப் பத்திரமாக வைத்திருங்கள்.