டனீடின் போஸ்ட்-பங்க்: எந்தப் புத்தகத்தை முதலில் வாங்குவது?

வாசகர் கேள்வி: நியூசிலாந்தின் டனீடின் நகரத்து போஸ்ட்-பங்க் (பங்க் ராக்கை அடுத்து வந்த இசை வகை) குழுக்களைப் பற்றிப் படிக்க ஆசை. மூன்று புத்தகங்களைச் சொல்கிறார்கள். பாடல்களை அதிகம் கேட்டதில்லை. ஒன்றுதான் வாங்க முடியும் என்றால் எதை வாங்குவது?

மேத்யூ கூடி எழுதிய 'நீடில்ஸ் அண்ட் பிளாஸ்டிக்' வாங்குங்கள். 2022இல் வந்தது. ஃபிளையிங் நன் என்ற இசைத்தட்டு நிறுவனம் 1981 முதல் 1988 வரை வெளியிட்ட இசைத்தட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டு, எப்படிப் பதிவானது, யார் வாசித்தார்கள் என்று சொல்லிக்கொண்டே போகிறது. பாட்டே கேட்காதவருக்கு இந்த அமைப்புதான் வசதி. ஒரு தட்டைப் பற்றிப் படிப்பது, உடனே அதைக் கேட்பது, அப்புறம் அடுத்ததற்குப் போவது.

மற்ற இரண்டும் உள்ளே இருந்தவர்களின் நினைவுகள். 'இன் லவ் வித் தீஸ் டைம்ஸ்' (2016) எழுதிய ரோஜர் ஷெப்பர்ட், இசைத்தட்டுக் கடையில் வேலை பார்த்துக்கொண்டே ஃபிளையிங் நன்னைத் தொடங்கியவர். 'பாசிட்டிவ்லி ஜார்ஜ் ஸ்ட்ரீட்' (1999) எழுதிய மேத்யூ பானிஸ்டர், ஸ்னீக்கி ஃபீலிங்ஸ் குழுவில் பாடி, கிதார் வாசித்தவர். ஒரே காலத்தைத்தான் இருவரும் சொல்கிறார்கள். ஆனால் தட்டை வெளியிட்டவருக்கும் வாசித்தவருக்கும் நினைவில் நிற்பவை வேறு. பாடல்கள் பழகியபின் படித்தால்தான் அந்த வித்தியாசத்தின் ருசி தெரியும். எனக்கு பானிஸ்டரின் புத்தகம் மிகவும் பிடிக்கும். எல்லோரும் புகழ்கிற ஒரு காலத்தைப் பற்றி, அதற்குள் வாழ்ந்தவரே மாற்றுக் கருத்தோடு எழுதியிருக்கிறார்.

ஒன்றைத் தெரிந்துகொண்டு வாங்குங்கள்: கூடியின் புத்தகம் நிறுவனத்தைப் பற்றியது, நகரத்தைப் பற்றியது அல்ல. ஃபிளையிங் நன் தொடங்கியது கிறைஸ்ட்சர்ச்சில். டனீடின் அங்கிருந்து சுமார் 360 கிலோமீட்டர் தெற்கே. ஆகவே டனீடினைச் சேராத குழுக்களும் நிறைய வரும். நகரமே வேண்டும் என்றால் பானிஸ்டர்தான். அவர் தலைப்பில் வைத்திருக்கும் தெரு டனீடினின் கடைவீதி. பழைய பதிப்பாகத் தேட வேண்டியிருக்கலாம்.

சரி, முதலில் எதைக் கேட்பது? 1982இல் வந்த 'டனீடின் டபுள்'. இரண்டு தட்டுகள், நான்கு பக்கங்கள், பக்கத்துக்கு ஒரு குழு: சில்ஸ், ஸ்னீக்கி ஃபீலிங்ஸ், ஸ்டோன்ஸ், வெர்லைன்ஸ். இசைக்கலைஞர் கிறிஸ் நாக்ஸ் தன் நாலு ட்ராக் டேப் ரெக்கார்டரில், அதாவது நான்கு ஒலித்தடங்களைத் தனித்தனியாகப் பதியும் கருவியில், பதிவு செய்தது. நாலே ட்ராக் என்றால் ட்ரம்ஸ், பேஸ், கிதார், குரல் வைத்தாலே நிறைந்துவிடும். மேலும் சேர்க்க, இருப்பதைக் கலந்து ஒரே ட்ராக்காகச் சுருக்க வேண்டும். அப்படிச் சுருக்கும்போது ஒலியின் தெளிவு குறையும். 'டனீடின் சவுண்ட்' என்று சொல்லப்படும் அந்த மங்கல் ஒலியில் இந்தக் கருவிக்குப் பெரிய பங்கு உண்டு. நான்கு பக்கங்களையும் அடுத்தடுத்துக் கேட்டால், குழுக்கள் ஒன்றுக்கொன்று எவ்வளவு வேறுபட்டவை என்பது காதிலேயே விழும்.

பெயர்கள் குழப்பும். குழுக்களை விட்டுவிட்டு ஆட்களைப் பின்தொடருங்கள். பீட்டர் கட்டரிட்ஜ் க்ளீன் குழுவின் தொடக்கத்தில் இருந்தவர், சில்ஸிலும் இருந்தார், பிறகு ஸ்னாப்பரைத் தொடங்கினார். க்ளீனில் பேஸ் வாசித்த ராபர்ட் ஸ்காட்தான் பேட்ஸ் குழுவின் பாடகர். க்ளீனின் 'டாலி ஹோ' பாட்டில் வரும் கீபோர்டு, சில்ஸின் மார்ட்டின் ஃபிலிப்ஸ் வாசித்தது. ஒரு தாளில் ஆட்களின் பெயரை எழுதி, பக்கத்தில் குழுக்களைக் குறித்துக்கொண்டே படியுங்கள்.

இன்னொன்று. மூன்று புத்தகங்களையும் எழுதியவர்கள் ஆண்கள், குழுக்களிலும் ஆண்களே அதிகம். ஐந்து பெண்கள் சேர்ந்து நடத்திய லுக் ப்ளூ கோ பர்ப்பிள் என்ற குழு 1985க்கும் 1987க்கும் இடையில் மூன்று இ.பி. (சில பாடல்கள் மட்டும் கொண்ட சிறு இசைத்தொகுப்பு) வெளியிட்டது. கூடியின் புத்தகத்தில் அந்த ஆண்டுகளுக்கு வரும்போது அவற்றைத் தாண்டிப் போய்விடாதீர்கள்.