அப்பா ஏன் தூங்கிப்போனார்?

கேள்வி: மும்பை செம்பூரில் வளர்ந்தவன் நான். 1998இல் சோனி தொலைக்காட்சியில் 'சி.ஐ.டி.' என்ற இந்தித் துப்பறியும் தொடர் தொடங்கியபோது எனக்குப் பத்து வயது. அம்மாவுக்கு இந்தி தெரியாது. அப்பா பக்கத்தில் உட்கார்ந்து வரிக்கு வரி தமிழில் சொல்வார். போன வருடம் அம்மா காலமானார். அன்றிலிருந்து அப்பா அதிகம் பேசுவதில்லை. பழைய உற்சாகம் வரட்டும் என்று ஆரம்பகால எபிசோடுகளை ஒரு ஞாயிறன்று வரிசையாகப் போட்டேன். இரண்டாவதிலேயே தூங்கிவிட்டார். தென்காசியிலிருந்து வந்த என் மனைவி, இந்தி புரியாமல் எழுந்து போய்விட்டாள். எனக்கும் இழுவையாகத்தான் இருந்தது. அன்று மட்டும் எப்படிப் பிடித்தது?
- ஒரு வாசகர், செம்பூர்

பதில்: தம்பி, இழுவை என்று சொன்னால் எனக்குக் கோபம் வரும். அது நிதானம். துப்பறியும் குழுவின் தலைவர் பிரத்யுமனாக நடித்த சிவாஜி சாட்டம் வங்கி வேலை பார்த்தவர். ஆரம்பகால விசாரணைக் காட்சிகளில் அவரைக் கவனியுங்கள். கடன் விண்ணப்பத்தில் எங்கே பொய் இருக்கிறது என்று தேடுகிறவரைப் போலவே எதிராளியைப் பார்ப்பார். குழுவின் இன்ஸ்பெக்டர் தயா கதவை உடைப்பது சடங்காகிப்போனது பிற்பாடுதான். எனக்கு அந்தக் கதவுகள் மூடியிருந்த காலமே பிடிக்கும்.

நீங்கள் பார்த்த விதத்தில்தான் கோளாறு. அன்றைய கதைகள் பெரும்பாலும் இரண்டு பாகம். பாதியில் நிறுத்திவிடுவார்கள், மீதிக்கு அடுத்த வாரம் வரை காத்திருக்க வேண்டும். வேலைக்காரனா, தம்பியா, பங்காளியா என்று சாப்பாட்டுத் தட்டின் முன் வழக்காடியிருப்பீர்களே, அந்த ஏழு நாளை வெட்டி எறிந்துவிட்டு இரண்டு பாகத்தையும் ஒரே மூச்சில் ஓடவிட்டால் என்ன மிஞ்சும்?

இன்னொன்று, உங்கள் கடிதத்திலேயே இருக்கிறது. அப்பா அந்தத் தொடரைப் பார்த்தவர் மட்டும் இல்லை, அம்மாவுக்காக அதைச் சொன்னவர். உங்களுக்கோ இந்தி தண்ணீர் பட்ட பாடு. உங்களிடம் அவர் எதைச் சொல்வார்? சொல்ல ஆள் இல்லாமல் தூங்கிப்போனார். கேட்க வேண்டியவரோ எழுந்து போய்விட்டார்!

மனைவிக்கு விருப்பம் இருந்தால் அவரை அப்பா பக்கத்தில் உட்காரச் சொல்லுங்கள். திரையின் கீழே வசனம் எழுத்தில் ஓடினால் அந்த எழுத்தை அணைத்துவிடுங்கள். முதல் சில நாள் அப்பா சுருக்கமாகத்தான் சொல்வார். 'அவன் ஏன் அப்படிப் பார்த்தான் மாமா?' என்று மருமகள் ஒரு கேள்வி கேட்டால் போதும். பின்னால் இன்ஸ்பெக்டர் அபிஜித்தாக வந்த ஆதித்ய ஸ்ரீவஸ்தவா, முதலில் அதே தொடரில் குற்றவாளியாக வந்துபோனவர். அந்த எபிசோடைத் தேடிப் போடுங்கள். முகத்தை அப்பா கண்டுபிடிக்கிறாரா பார்க்கலாம்.

முதல் பாகம் முடிந்ததும் டிவியை நிறுத்துங்கள். ஒரு வாரம் பொறுக்க முடியாவிட்டால் இரண்டு நாளாவது. முக்கியமாக, ராத்திரியில் நீங்கள் மட்டும் கைப்பேசியில் முடிவைப் பார்த்துவிட்டு வந்து நல்லபிள்ளையாக உட்காராதீர்கள்.